இடது தோள் சொன்ன சாட்சி

“நான் பாப்பாவா இருந்தப்ப போட்ட ஊசி எனக்கே ஞாபகம் இல்ல. உடம்புக்கு மட்டும் எப்படிம்மா ஞாபகம் இருக்கும்?”

சலவை அக்காவின் மகள் இப்படிக் கேட்டபோது அவளுக்கு ஆறு வயது. அறிவியல் கேள்விகளுக்கு எல்லா அம்மாக்களும் வைத்திருக்கும் பதிலைத்தான் சலவை அக்காவும் சொன்னாள்.

“வாயை மூடிட்டுச் சாப்பிடு.”

பன்னிரண்டு வருடம் கழித்து, ஒரு புதன்கிழமை காலை, அதே கேள்வியை ஆஸ்பத்திரி நிர்வாகம் முத்திரை குத்தி சலவை அக்காவின் கையில் கொடுத்தது. ‘தாங்கள் ஹெபடைடிஸ்-பி தடுப்பூசி மூன்று தவணை போட்டுக்கொண்டதாகக் காட்டிய அட்டை போலி எனக் கருதப்படுகிறது. தங்கள் ரத்தத்தில் ஆன்டிபாடி அளவு மூன்று மட்டுமே. நாளை மாலை நான்கு மணிக்கு விசாரணை. அதற்குள் தாங்களாகவே விலகிக்கொண்டால் நிர்வாகம் பெருந்தன்மையுடன் நடந்துகொள்ளும்.’

அந்த ஆஸ்பத்திரியில் பெருந்தன்மை என்ற சொல் கண்ணில் பட்டால் யாரோ மூட்டை கட்டப் போகிறார்கள் என்று அர்த்தம். பதினான்கு வருடமாக அடித்தளத்துச் சலவைக் கூடத்தில் வேலை. அந்த வேலையோடு ஒட்டிக்கொண்டு வந்ததுதான் பின்கட்டில் இருந்த ஒற்றை அறை வீடு. ஒன்று போனால் மற்றதும் போகும். மகளுக்கு அடுத்த மாதம் பரீட்சை.

இந்த நம்பர் பைத்தியம் பிடித்தே மூன்று மாதம்தான் ஆகிறது. புதிதாக வந்த நிர்வாக அதிகாரி ஊழியர்கள் எல்லோருடைய ரத்தத்தையும் வரிசையாகச் சோதிக்க ஏற்பாடு செய்தார். தடுப்பூசியால் உடம்பில் உண்டான எதிர்ப்பொருள் எவ்வளவு என்று வந்த கணக்கைச் சாப்பாட்டு ஹாலில் பெரிய பலகையில் ஒட்டினார். ஐந்நூறுக்கு மேல் வைர வரிசை. நூறுக்கு மேல் தங்க வரிசை. பத்துக்குக் கீழே இருந்தால் சிவப்பு மை, கை கழுவும் தொட்டியை ஒட்டித் தனி மேஜை. வைர வரிசைக்காரர் எந்த அறைக்குள் வந்தாலும் நாற்காலி போட வேண்டும் என்று சுற்றறிக்கை வேறு.

பிறகு மனிதர்கள் மனிதர்களாக இல்லை. “அறுநூத்துப் பன்னெண்டு வர்றாரு, வழி விடு” என்றார்கள். மருந்துக் கிடங்குக் குமாஸ்தாவுக்குப் பெண் பார்க்கப் போன இடத்தில் பெண்ணின் மாமா, “மாப்பிள்ளை நம்பர் என்ன?” என்று கேட்டாராம். நிர்வாக அதிகாரியின் நம்பர் தொள்ளாயிரத்து எண்பது. அதற்குச் சட்டம் போட்டு, மேலே ஒரு சின்ன விளக்கும் எரியவிட்டுத் தன் அறையில் மாட்டியிருந்தார்.

சலவைக் கூடத்தின் முறை வருவதற்குள்தான் சலவை அக்காவின் விரலில் ஒரு ஊசி குத்தியது.

மெமோவையும் பழைய தடுப்பூசி அட்டையையும் ஒரு தலையணை உறைக்குள் போட்டுக்கொண்டு, சலவை அக்கா பின்தெருவில் இருந்த துப்பறியும் அலுவலகத்துக்குப் படியேறினாள். அதை நடத்தியவரின் பெயர் யாருக்கும் நினைவில்லை. உதவியாளராக இருந்த கொழுந்தன் நாள் முழுக்க “அண்ணி, அண்ணி” என்று கத்திக் கத்தி, அவர் தெருவுக்கே அண்ணியாகிவிட்டார்.

“அண்ணி! கேஸ் வந்திருக்கு. உறையோட வந்திருக்கு. தலையணை மட்டும்தான் பாக்கி” என்றான் கொழுந்தன்.

அண்ணி சன்னலோரம் உட்கார்ந்திருந்தார். ஐம்பதைத் தாண்டிய முகம். எதிரே ஆஸ்பத்திரியின் துணி காயப்போடும் முற்றம் முழுசாகத் தெரிந்தது.

“வாங்க. உங்களை எனக்குப் பத்து வருஷமாத் தெரியும்” என்றார்.

“என்னையா?”

“உங்க கொடியில பச்சைத் துணி தொங்கினா செவ்வாய்க்கிழமை. ஆபரேஷன் நாள். சின்ன விரிப்பா தொங்கினா குழந்தைங்க வார்டு, வெள்ளிக்கிழமை.”

“நாங்க காலண்டரே வாங்கறதில்லக்கா” என்றான் கொழுந்தன். “மழை பேஞ்சா அன்னைக்கு என்ன கிழமைன்னே எங்களுக்குத் தெரியாது.”

சலவை அக்காவுக்கு அழுகை வரவேண்டிய இடத்தில் சிரிப்பு வந்தது. அது ஓய்ந்ததும் எல்லாவற்றையும் சொன்னாள். ஊசிகள் போட்ட பழைய நர்ஸ் இப்போது உயிரோடு இல்லை. அந்த வருடத்து ரிஜிஸ்டர் மேல்மாடிக் குழாய் உடைந்ததில் ஊறிக் கூழாகிவிட்டது. மிச்சம் இந்த அட்டைதான். அதையும் பொய் என்கிறார்கள்.

“உங்க ரத்தத்தை எப்ப எடுத்தாங்க?”

“இருபத்திரெண்டு நாள் ஆச்சு. டயாலிசிஸ் வார்டு விரிப்பை உதறினேன். உள்ள யாரோ போட்டுட்டுப் போன ஊசி. சுருக்குனு ஏறிடுச்சு.”

“போட்டவரு கண்டிப்பா வைர வரிசையாத்தான் இருப்பாரு” என்றான் கொழுந்தன்.

“நீ கொஞ்சம் வாயைக் கட்டு. எந்தக் கையில குத்திச்சு?”

“வலது. இதோ, சுட்டுவிரல்.”

அண்ணி சன்னலுக்கு வெளியே கொடியைக் காட்டினார்.

“அப்புறம் ஏன் மறுநாள்ல இருந்து ரெண்டு நாளா இடது கையைத் தூக்க முடியாமத் தவிச்சீங்க? எல்லா விரிப்பையும் ஒத்தைக் கையால வீசிப் போட்டீங்க. பாதி மடிஞ்சு மடிஞ்சு தொங்கிச்சு. உங்க கொடி அப்படித் தொங்கி நான் பார்த்ததே இல்ல. யாருக்கு என்ன ஆச்சோன்னு கடவுளைக் கும்பிட்டுக்கிட்டேன். குத்தினது வலது விரல். வலிச்சது இடது தோள். ஏன்?”

சலவை அக்காவின் கை தானாகவே இடது தோளுக்குப் போனது.

“அன்னைக்கு கேஷுவாலிட்டி டாக்டர் தம்பி ஒரு ஊசி போட்டாரு. ஆணி குத்தினாப் போடுவாங்களே, அந்த ஊசின்னு நினைச்சேன். பயத்துல ஒண்ணும் கேக்கல. ரெண்டு பஞ்சு குடுத்தாரு. ஒண்ணு முழங்கை மடக்குல, ஒண்ணு தோள்ல.”

“எது முதல்ல?”

“மடக்குல ரத்தம் எடுத்தாரு. அப்புறம்தான் தோள்.”

அண்ணி எழுந்தார்.

“அவங்க எழுந்தாச்சுக்கா” என்றான் கொழுந்தன் மெதுவாக. “இனிமே வேற யாரோ பொத்துன்னு உக்காரணும்.”

மறுநாள் காலை ஒன்பது மணிக்கு மூவரும் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் நின்றார்கள். கூடத்தின் பொறுப்பில் இருந்த லேப் டாக்டரம்மா கணினியில் தேடிப் பார்த்துத் தலையசைத்தார்.

“ஆமா. அது ஹெபடைடிஸ்-பி டோஸ்தான். ஊசி குத்திக்கிட்டு வர்றவங்களுக்கு ரத்தம் எடுத்த கையோட ஒண்ணு போட்டுடுவோம். ரிசல்ட் வர்ற வரைக்கும் காத்திருக்க மாட்டோம். அந்த மூணுங்கிறது டோஸுக்கு முன்னாடி எடுத்த ரத்தம்.”

“மூணுன்னா இவங்க ஊசியே போட்டுக்கலைன்னு அர்த்தமா டாக்டர்?” என்று கேட்டார் அண்ணி.

“யாரு சொன்னா? வருஷம் ஆக ஆக நம்பர் இறங்கும். பல பேருக்குப் பத்துக்குக் கீழயே போயிடும். ஆனா ஒரு தடவை நல்லாப் பிடிச்சுக்கிட்ட உடம்பு லேசுல மறக்காது. கிருமி உள்ள வந்தாப் பழசை ஞாபகப்படுத்திக்கிட்டு மளமளன்னு செஞ்சுடும்.”

“இதை நீங்க மேல சொல்லலையா?”

“என்கிட்ட நம்பர் கேட்டாங்க, குடுத்தேன். அர்த்தம் யாரும் கேக்கல.” சொல்லிவிட்டு அந்த அம்மாள் பார்வையைத் தாழ்த்திக்கொண்டார். “கேக்கலைன்னாலும் நான் சொல்லியிருக்கணும்.”

சலவை அக்கா யோசித்துக்கொண்டே நின்றாள்.

“சாயங்காலம் எங்க கொடியைப் பாத்தா ஒரு துணி இருக்காது. அதுக்காக ஆஸ்பத்திரியில துணியே இல்லைன்னு ஆயிடுமா? எல்லாம் மடிச்சு அலமாரியில இருக்கும். வேணும்னா எடுத்து உதறினா ஆச்சு. அந்த மாதிரியா டாக்டர்?”

லேப் டாக்டரம்மா வாய்விட்டுச் சிரித்தார். “எனக்கு இதைப் பாடம் எடுத்தவர் நாற்பது பக்கம் எழுதிப் போட்டாரு.”

ஆறு வயதில் மகள் கேட்ட கேள்விக்கு இன்று சாயங்காலம் பதில் சொல்லலாம் என்று சலவை அக்கா நினைத்தாள். சொல்ல வீடு இருக்க வேண்டும்.

“இப்ப ரத்தம் எடுத்துப் பாத்தாத் தெரிஞ்சிடும் இல்லையா?” என்றார் அண்ணி. “பழக்கப்பட்ட உடம்பா இருந்தா இந்த ஒரு டோஸுக்கே நம்பர் எகிறியிருக்கும். பழக்கமில்லாத உடம்புன்னா கொஞ்சமா அசைஞ்சிருக்கும், இல்ல அசைஞ்சே இருக்காது.”

“சரிதான். ஆனா ஒரு விஷயம்.” லேப் டாக்டரம்மா சலவை அக்காவின் பக்கம் திரும்பினார். “சில பேருக்கு மூணு தவணை ஒழுங்காப் போட்டாலும் ஆரம்பத்துலயே ஊசி பிடிக்காது. அவங்க தப்பு இல்ல, உடம்பு வாகு. நீங்க அந்த வகையா இருந்தா இன்னைக்கும் நம்பர் ஏறியிருக்காது. அப்ப அட்டை பொய்யின்னு அவங்க சொன்னா, எதிர்த்துக் காட்ட என்கிட்ட எதுவும் இருக்காது. இப்ப சந்தேகமா இருக்கிறது அப்ப உறுதியாயிடும். யோசிச்சுக்கோங்க.”



“நான் மூணு தடவை கையை நீட்டினது எனக்குத் தெரியும்” என்றாள் சலவை அக்கா. “இன்னொரு தடவை நீட்ட என்ன பயம்? எடுங்க.”

கொழுந்தன் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டான்.

“என்ன தம்பி, ரத்தம்னா பயமா?”

“இல்லக்கா. சுவத்துல ஒரு தடயம் இருக்கு. பாத்துக்கிட்டிருக்கேன்.”

நான்கு மணிக்கு நிர்வாக அதிகாரியின் அறையில் குளிரூட்டி உறுமிக்கொண்டிருந்தது. சட்டம் போட்ட தொள்ளாயிரத்து எண்பதின் மேல் விளக்கு எரிந்தது. அதிகாரி கையில் கிருமிநாசினியைத் தேய்த்துக்கொண்டே நிமிர்ந்தார். சலவை அக்கா நின்றாள். அவளுக்கு நாற்காலி இல்லை. கதவோரத்தில் பியூன் கை கட்டி நின்றார்.

“மேடம் யாரு?”

“இவங்களுக்கு வேண்டியவ” என்றார் அண்ணி.

“எந்த வகையில?”

“எதிர் சன்னல்.”

“சன்னல்காரங்க எல்லாம் விசாரணைக்கு வர முடியாது.”

“முடியுது சார். கதவு திறந்திருந்துச்சு” என்றான் கொழுந்தன்.

அதற்குள் லேப் டாக்டரம்மா ஒட்டிய உறையோடு உள்ளே வந்தார். உறையை யார் பிரிப்பது என்பதில் அதிகாரிக்குச் சந்தேகமே இல்லை. அவரே பிரித்தார். படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி படித்தார்.

“என்ன இது? நம்பரைக் காணோம். ‘ஆயிரத்துக்கு மேல்’னு போட்டிருக்கு!”

“எங்க மெஷின் ஆயிரம் வரைக்கும்தான் எண்ணும் சார். அதுக்கு மேல போனா அதால முடியாது” என்றார் லேப் டாக்டரம்மா.

 அதற்குள் சலவை அக்காவுக்குப் பின்னால் ஒரு நாற்காலி வந்து சேர்ந்தது. பியூன்தான். வைர வரிசைக்கு நாற்காலி என்ற சுற்றறிக்கையை அவர் மனப்பாடமாக வைத்திருந்தார். அதிகாரி முறைத்தார். பியூன் சுவரைப் பார்த்தார்.

“இதுல என்ன அதிசயம்?” என்று அதிகாரி சமாளித்துக்கொண்டார். “மூணு வாரம் முன்னால டோஸ் போட்டிருக்காங்க. ஏறத்தானே செய்யும்?”

“முதல் முறையா ஒரே ஒரு டோஸ் போட்டவங்களுக்கு மூணு வாரத்துல இப்படி ஏறாது சார். இது முன்னாடியே பாடம் படிச்ச உடம்பு. அட்டை சொல்றது உண்மை.”

“குழாய் உடைஞ்சு உங்க ரிஜிஸ்டர் கூழாயிடுச்சு” என்றார் அண்ணி. “ஆனா கடவுள் ஒவ்வொரு உடம்புக்குள்ளயும் ஒரு குமாஸ்தாவை உக்கார வெச்சிருக்காரு. அந்த ஆளு லீவு போடறதில்ல. அவர் நோட்டு நனையறதும் இல்ல.”

அதிகாரி நாற்காலியில் சாய்ந்தார். கடைசி அம்பை எடுத்துவிட்ட களை முகத்தில் தெரிந்தது.

“சரி. நான் ஒண்ணு கேக்கறேன். அந்த டோஸையே எதுக்குப் போட்டாங்க? ஊசி குத்தினா போடறது. எங்க ஆஸ்பத்திரியில ஊசி குத்துற விபத்தே நடக்கலையே! வாசல்ல போர்டு இருக்கு, போய்ப் பாருங்க. விபத்தில்லா நாட்கள் தொள்ளாயிரத்து முப்பத்து மூணு.”

“பாத்துட்டுத்தான் வந்தேன் சார்” என்றான் கொழுந்தன். “அழகான எழுத்து.”

அண்ணி குரலை உயர்த்தவில்லை.

“விபத்து நடக்கல?”

“நடக்கவே இல்ல.”

“அப்ப இருபத்துமூணு நாளைக்கு முன்னாடி இவங்க ரத்தத்தை எதுக்கு எடுத்தீங்க?”

“அது… வழக்கமான பரிசோதனை.”

“சலவைக் கூடத்துக்கு இன்னும் முறையே வரலையே. உங்க ஃபைல்ல மேலாகக் குத்தியிருக்கீங்களே அந்தத் தாள், அதுல மூணுங்கிறதைச் சுத்தி சிவப்பு மையில வட்டம் போட்டிருக்கீங்க. அதுக்கு நாலு வரி மேல என்ன எழுதியிருக்குன்னு கொஞ்சம் சத்தமாப் படிங்க.”

அதிகாரி குனிந்தார். மூன்று வாரமாக அந்தத் தாள் அவர் மேஜையில் இருந்தது. நம்பரைக் காட்ட அதைக் குத்தி வைத்தவர், மேலே இருக்கும் வரியை யாரும் படிப்பார்கள் என்று நினைக்கவில்லை.  கொழுந்தன் அவர் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்துப் படித்தான்.

“‘பரிசோதனைக்கான காரணம்: படுக்கை விரிப்பில் விடப்பட்ட ஊசி. வலது சுட்டுவிரல்.’ கீழ கையெழுத்து. தேதி. நேரம்கூட இருக்கு அண்ணி. டாக்டர் கையெழுத்துதான், ஆனா படிக்க முடியுது. இதுதான் இந்தக் கேஸ்லயே பெரிய அதிசயம்.”

“மூணு உண்மைன்னா விபத்தும் உண்மை” என்றார் அண்ணி. “விபத்து பொய்யின்னா மூணும் பொய். ரெண்டுல எது வேணும்னு நீங்களே சொல்லுங்க சார். இவங்க நம்பர் இறங்கினப்பவும் பொய் சொல்லல. உங்க வாசல் நம்பர்தான் ஏற ஏறப் பொய் சொல்லிக்கிட்டிருக்கு.”

 லேப் டாக்டரம்மா தயங்கித் தயங்கிப் பேசினார்.

“அந்த வரியை ‘வழக்கமான பரிசோதனை’ன்னு திருத்தித் தரச் சொல்லி, கேஷுவாலிட்டி டாக்டர்கிட்ட இந்த ஆபீஸ்ல இருந்து ரெண்டு தடவை ஆள் போனாங்க. அவர் திருத்தல. மூணு வாரமா அவருக்கு மட்டும் தொடர்ந்து இரட்டை டூட்டி. ஏன்னு யாரும் கேக்கல. நானும் கேக்கல.”

சலவை அக்கா சட்டென்று தலையைத் தூக்கினாள். இது அவளுக்குத் தெரியாது. யாரும் சொல்லவில்லை. அந்த டாக்டரும் சொல்லவில்லை. அன்றைக்கு அவள் விரலை முந்தானையில் மறைத்துக்கொண்டு, “விடுங்க தம்பி, எழுதாதீங்க, வேலைக்கு வம்பு வரும்” என்று கெஞ்சியபோது அவர் ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னார். “எழுதிடலாம்க்கா.”

அதிகாரி பொத்தென்று பின்னால் சரிந்தார். கொழுந்தன் அண்ணியைப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினான். அண்ணி பார்க்காத மாதிரி இருந்தார்.

“பத்து நாள்ல தரச்சான்றிதழ் குழு வருது மேடம்” என்றார் அதிகாரி. குரலில் இப்போது தொள்ளாயிரத்து எண்பது இல்லை. “போர்டு சைபருக்கு வந்தா மேலிடத்துல என்னை வெச்சிருக்க மாட்டாங்க. இந்த அம்மா அட்டையே பொய்யின்னு ஆயிட்டா, அவங்க சொன்ன விபத்தையும் யாரும் நம்ப மாட்டாங்கன்னு…” முடிக்காமல் நிறுத்தினார்.

அண்ணி எழுந்து, மேஜை மேல் இருந்த தண்ணீர் டம்ளரை அவர் பக்கம் நகர்த்தினார்.

“குடிங்க. பயம் எல்லாருக்கும் வரும் சார், அது பாவமில்ல. உங்க பயத்துக்கு இவங்க வீட்டைக் காலி பண்ண வைக்கிறதுதான் பாவம். மெமோவைத் திரும்ப வாங்கிக்கிட்டேன்னு ரெண்டு வரி எழுதுங்க. அப்புறம் வாசல் போர்டை நீங்களே மாத்துங்க. ஆளை அனுப்பாதீங்க. உங்க கையால செஞ்சா உங்களுக்கு ராத்திரி தூக்கம் வரும். வர்ற குழுகிட்ட நடந்ததை நடந்தபடி சொல்லுங்க. டயாலிசிஸ் வார்டுல ஊசி போட ஒரு டப்பா வெச்சாச்சுன்னும் சொல்லுங்க. சொல்றதுக்கு முன்னாடி வெச்சிடுங்க.”

அதிகாரி எழுதினார். பேனா இரண்டு தடவை நின்றது. கையெழுத்துப் போட்டுத் தாளை நீட்டியவர், வாடிக்கையை விட முடியாமல், “உங்க நம்பரை வைர வரிசையில முதல்ல ஒட்டச் சொல்றேன்மா” என்றார்.

“வேணாம் சார்” என்றாள் சலவை அக்கா. “கொஞ்ச வருஷத்துல அது மறுபடி இறங்கிடும். அப்ப என்னை யாரு தொட்டிப் பக்கம் உக்கார வைப்பாங்களோ! சாப்பாட்டு ஹால்ல சாப்பாடு மட்டும் இருக்கட்டும்.”

அதிகாரி சட்டத்துக்கு மேல் எரிந்த விளக்கை ஒரு கணம் பார்த்துவிட்டு, எழுந்து போய் அணைத்தார். கொழுந்தன் அவருக்காக ஒரு ஸ்டூலைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு நடந்தான். “பாத்து ஏறுங்க சார். விழுந்துட்டீங்கன்னா சைபர்ல இருந்து எண்ணணும்” என்று அவன் சொல்வது படிக்கட்டு வரை கேட்டது.

சலவை அக்கா அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டாள். “போங்க, போங்க. கொடியில துணி கிடக்கு” என்று அண்ணி அவளை அனுப்பிவிட்டார்.

அடித்தளத்தில் இயந்திரங்கள் ஓய்ந்திருந்தன. கூட இருப்பவர்கள் தேநீர் குடிக்கப் போயிருந்தார்கள். வியாழக்கிழமை, டாக்டர்களின் வெள்ளைக் கோட்டுகள் வரும் நாள். உலர்ந்த கோட்டுகள் மேஜை மேல் மலையாகக் கிடந்தன. பெயர் தெரியாவிட்டாலும் ஒவ்வொன்றும் யாருடையது என்று அவளுக்குத் தெரியும். காலருக்கு உள்ளே மையால் போட்ட அடையாளம் இருக்கும்.

அவள் அந்த மலையைக் கிளறி ஒரு கோட்டை வெளியே இழுத்தாள். கேஷுவாலிட்டி டாக்டர் தம்பியுடையது. இரண்டு பொத்தான்கள் இல்லை. வலது பை தையல் விட்டு நாக்கு மாதிரி தொங்கியது. இரட்டை டூட்டிக்காரருக்கு அதைக் கவனிக்க ஏது நேரம்? விதிப்படி அவள் ஒரு சீட்டு எழுதித் தையல் பிரிவுக்கு அனுப்ப வேண்டும். அது திரும்பி வர இரண்டு வாரம் ஆகும்.

அவள் சீட்டு எழுதவில்லை. பொத்தான் டப்பாவில் தேடி ஒரே அளவில் இரண்டை எடுத்தாள். ஊசியில் வெள்ளை நூலைக் கோத்தாள். பையின் ஓரத்தை உள்ளே மடித்து இரட்டைத் தையல் போட்டாள். பொத்தான்களை நான்கு துளையிலும் மும்முறை ஓட்டி, அடியில் நூலைச் சுற்றி இறுக்கி, முடிச்சை உள்பக்கம் மறைத்தாள். இஸ்திரிப் பெட்டியைச் சூடாக்கி, காலரில் ஆரம்பித்து, கைகளை முடித்து, கடைசியில் அந்தப் பை மேல் கொஞ்சம் அழுத்தித் தேய்த்தாள்.

பிறகு அதை மற்றக் கோட்டுகளைப் போலவே நான்காக மடித்தாள். மேலே வைக்கவில்லை. அடுக்கின் நடுவில், இரண்டு கோட்டுகளுக்கு இடையே செருகினாள். அடுக்கைத் தள்ளுவண்டியில் ஏற்றி லிஃப்டுக்குள் உருட்டிவிட்டு, மேல்மாடிப் பொத்தானை அழுத்திவிட்டு வெளியே வந்தாள். கதவு மூடிக்கொண்டது. வண்டி தனியாக மேலே போயிற்று.